நல்லா வேலை செய்துகொண்டிருந்த மனவழுத்தக் குளிசை திடீரெண்டு கேக்காமல் போனால் என்ன செய்யிறது?

தங்கச்சி, நீங்கள் எழுதினதை ஆறுதலா ரெண்டு தரம் வாசிச்சன். சேர்ட்ரலின் 100 மில்லிகிராம் மூண்டு வருசமா எடுக்கிறியள், தொடங்கி ரெண்டு மாசத்துக்குள்ளயே நல்ல வித்தியாசம் தெரிஞ்சது, வேலைக்கும் போய்ப் பிள்ளையையும் பாத்துக்கொண்டு நல்லாத்தான் இருந்தனீங்கள், இப்ப ரெண்டு மாசமா பழையபடி விடியப்புறம் மூண்டு மணிக்கே முழிப்பு வருது, சமைக்க மனமில்லை, ஆரோடயும் கதைக்கப் பிடிக்கேல்லை. மாமி "உடம்புக்குப் பழகிட்டுது, நிப்பாட்டு" எண்டுறா, கனடாவில இருக்கிற அக்கா "ரெண்டாக் கூட்டிப் போடு" எண்டுறா, கிளினிக் திகதிக்கு இன்னும் மூண்டு கிழமை கிடக்கு. மருந்தை மாத்தோணுமோ எண்டுதான் கேட்டிருக்கிறியள். ஆனால் உங்கட உண்மையான கேள்வி கடைசி வரியிலதான் கிடக்கு: "இனி எனக்கு எந்த மருந்துமே கேக்காதோ?" அதுக்குப் பதில் முதலே சொல்லுறன், அப்பிடி இல்லை. நல்லா இருந்த ஆள் குளிசை எடுத்துக்கொண்டு இருக்கேக்கயே திரும்ப விழுறது கனபேருக்கு நடக்கிறது, அதுக்குப் பிறகு செய்யிறதுக்கு வழியும் கன கிடக்கு.

நான் டொக்டர் இல்லை, மருந்தாளர். அரசாங்க ஆஸ்பத்திரியில கன வருசம் மனநலக் கிளினிக் ஆக்களுக்கு மருந்து குடுத்த அனுபவம்தான் என்ரை கையில இருக்கிறது. இந்தக் குளிசையள் உடம்புக்குள்ள என்ன செய்யும், ஒண்டோட ஒண்டு எப்பிடி மோதும், வீட்டுக்குக் கொண்டு போனாப் பிறகு அதுக்கு என்ன நடக்கும் எண்டதெல்லாம் எனக்கு நல்லாத் தெரியும். உங்களுக்கு இருக்கிறது என்ன வருத்தம், அளவைக் கூட்டிறதோ குறைக்கிறதோ எண்டது உங்களை நேரில பாக்கிற டொக்டர் முடிவெடுக்கோணும், அதை நான் இஞ்சயிருந்து சொல்லப் போறேல்லை.

மிச்சத்துக்குப் போக முதல் ஒண்டு. "சில நாள் விடியாமலே போனால் நல்லம் போல கிடக்கு" எண்டு நடுவில ஒரு வரி எழுதியிருக்கிறியள். அதைப் பாத்தும் பாக்காத மாதிரிக் கடந்து போக என்னால ஏலாது. அந்த நினைப்பு இடைக்கிடை வந்து போறதோட நிக்குதோ, இல்லாட்டி எப்பிடி, எப்ப எண்டு யோசிக்கிற அளவுக்குப் போகுதோ? ரெண்டாவது எண்டால் மூண்டு கிழமை எண்ட கதையே இல்லை, இண்டைக்கே ஆரையும் கூட்டிக்கொண்டு பெரியாஸ்பத்திரிக்கோ கிட்ட இருக்கிற ஆதார வைத்தியசாலைக்கோ போங்கோ, இரவெண்டாலும் அவசரப் பிரிவு திறந்துதான் இருக்கும். 1926 எண்டது தேசிய மனநல நிறுவனத்தின்ர உதவி இலக்கம், எந்த நேரமும் எடுக்கலாம். வாகனம் இல்லாட்டி 1990க்கு அடிச்சால் அம்புலன்ஸ் காசில்லாமல் வரும். முதலாவது எண்டாலும் வீட்டில நம்பிக்கையான ஒராளுக்கு அதைச் சொல்லி வையுங்கோ. வீட்டில இருக்கிற குளிசையள் எல்லாத்தையும் அவையள் வைச்சிருந்து ஒவ்வொரு நாளும் எடுத்துத் தரட்டும், தோட்டத்துக்கு அடிக்கிற மருந்து இருந்தால் அது வேற வீட்டுக்குப் போகட்டும். இதைச் சும்மா பயத்தில சொல்லேல்லை. கூட நஞ்சான பூச்சிமருந்துகளை இலங்கையில ஒவ்வொண்டாத் தடை செய்து கொண்டு வர, 1995க்குப் பிறகு தற்கொலைச் சாவுகள் பெரிய அளவில குறைஞ்சு போச்சு. அந்த நேரத்தில கைக்கு எட்டாமல் இருந்தாலே கன உயிர் தப்பும்.

சரி, இப்ப மாமி சொன்னதுக்கு வாறன். "பழகிட்டுது" எண்டது முழுப் பொய்யுமில்லை, நிரூபிச்ச உண்மையும் இல்லை. மூளை மருந்துக்குப் பழகி அதின்ர வேலையைக் குறைக்குது எண்டு சில ஆராய்ச்சிக்காரர் சொல்லுகினம், வேற சிலர் வருத்தம் தன்ர பாட்டில அலை மாதிரித் திரும்ப வருது, மருந்தால அந்த முறை தடுக்க ஏலாமல் போச்சு எண்டு சொல்லுகினம். இன்னும் முடிவான பதில் இல்லை. ஆனால் நிப்பாட்டினால் என்ன நடக்கும் எண்டதுக்கு நல்ல ஆதாரம் இருக்கு. இங்கிலாந்தில குடும்ப வைத்தியர்மாரிட்ட கன காலமா இந்தக் குளிசையள் எடுத்து, நல்லா இருக்கிறம், நிப்பாட்டலாமோ எண்டு யோசிச்ச 478 பேரை வைச்சு ஒரு ஆய்வு செய்து 2021இல வெளியிட்டவை. பாதிப்பேர் தொடர்ந்து எடுத்தவை, மற்றப் பாதிப்பேருக்கு மெல்ல மெல்லக் குறைச்சு வெறும் மாக்குளிசை குடுத்தவை, ஆருக்கு எது எண்டு அவைக்கே தெரியாது. ஒரு வருசத்துக்குள்ள நிப்பாட்டின ஆக்களில 56 வீதம் பேருக்குத் திரும்ப வந்தது, தொடர்ந்து எடுத்தவையில 39 வீதம். இந்த ரெண்டு இலக்கத்தையும் நீங்கள் சேத்துத்தான் பாக்கோணும். ஒழுங்கா எடுத்தவையிலயே நூறுக்கு 39 பேருக்குத் திரும்ப வந்திருக்கு, அப்ப உங்களுக்கு நடந்தது ஏதோ உங்கட பிழையாலயோ பலவீனத்தாலயோ எண்டு நினைக்கிறதுக்கு இடமே இல்லை. நிப்பாட்டினவைக்கு அது இன்னும் கூட, அதால மாமியின்ர யோசனையை விடுங்கோ. அதோட சேர்ட்ரலினைச் சடாரெண்டு விட்டால் ரெண்டு மூண்டு நாளில தலைச்சுத்து, சத்தி வாற மாதிரி, தலைக்குள்ள கரண்ட் அடிக்கிற மாதிரி, காரணமில்லாத கோவம், அழுகை எல்லாம் வரலாம். அது வருத்தம் கூடினதோ மருந்தை விட்டதாலயோ எண்டு பிறகு டொக்டருக்கே பிரிச்சுப் பாக்கிறது கஸ்ரமாப் போயிடும்.

இப்ப எனக்குத் தெரிஞ்ச பக்கம். மருந்து கேக்கேல்லை எண்டு முடிவு கட்ட முதல், கடந்த மூண்டு நாலு மாசமா உங்கட உடம்புக்குள்ள உண்மையில என்ன போனது எண்டதைப் பாக்கோணும். இதை நான் எவ்வளவு சொன்னாலும் காணாது. ஒரு அம்மா கிளினிக்குக்கு வந்து வந்து "முந்தின மாதிரி இல்லை டொக்டர்" எண்டு சொல்லிக்கொண்டே இருந்தவ. கொப்பியில சேர்ட்ரலின் 100, இரவில ஒண்டு எண்டு வடிவா எழுதிக் கிடக்கு, டொக்டர் அளவைக் கூட்டுவமோ எண்டு யோசிக்கிறார். ஒருநாள் வீட்டில கிடக்கிற குளிசையள் எல்லாத்தையும் கொண்டு வாங்கோ அம்மா எண்டு சொல்ல, ஒரு சொப்பின் பையோட வந்து மேசையில கொட்டினா. மேல கிடந்த அட்டையைத் திருப்பிப் பாத்தால் பின்பக்கத் தாளில 50 எண்டு அடிச்சுக் கிடக்கு. 2022இல மருந்துத் தட்டுப்பாடு வந்த நேரம் ஆஸ்பத்திரியில இல்லாமல் வெளியில வாங்கச் சொல்லித் துண்டு குடுத்திருக்கினம், கடையில 100 இல்லாமல் 50 அட்டை குடுத்து கவரில பழையபடி "இரவில் 1" எண்டே எழுதிக் குடுத்திட்டினம், அவ பாவம் ஒவ்வொரு இரவும் ஒண்டு எடுத்துக்கொண்டுதான் இருந்தவ, ஒரு நாளும் விடேல்லை. அளவு பாதியாப் போனது ஆருக்கும் தெரியாது. டொக்டர் அதைச் சரிப்படுத்தின பிறகு புது மருந்தொண்டும் இல்லாமலே ஒண்டரை மாசமளவில பழையபடி வந்திட்டா.

அதால நீங்கள் இண்டைக்கே செய்யக்கூடிய வேலை இதுதான், எல்லா அட்டையையும் வெளியில எடுத்துப் போட்டு, பின்பக்கத் தாளில பேரையும் இலக்கத்தையும் வாசியுங்கோ. கொம்பனி மாறினால் குளிசையின்ர நிறமும் அளவும் மாறும், அது பிரச்சினையில்லை, மில்லிகிராம்தான் முக்கியம். கொம்பனி மாறினதாலயே மருந்து கேக்காமல் போகுமோ எண்டு கனபேர் கேக்கிறவை. பதிவு செய்த கொம்பனியள் எண்டால் பெரும்பாலும் வித்தியாசம் வராது எண்டுதான் நான் சொல்லுவன், ஆனால் மாறின அதே கிழமையில இருந்துதான் உங்களுக்கு இறங்கத் தொடங்கினது எண்டால் அதை டொக்டருக்குச் சொல்லுங்கோ, அலட்சியப்படுத்துற விசயம் இல்லை. வெளிநாட்டில இருந்து ஆராவது கொண்டு வந்த குளிசையை நடுவில பாவிச்சிருந்தால் அதையும் சொல்லுங்கோ. அளவு பிழைச்சுக் கிடக்கு எண்டு கண்டுபிடிச்சாலும் நீங்களாக் கூட்டாமல், கொப்பியையும் அட்டையையும் கொண்டு போய்க் காட்டிக் கேட்டுட்டுச் செய்யுங்கோ.

பிறகு விட்டுப் போன நாட்கள். இதைக் குற்றமாக் கேக்கேல்லை தங்கச்சி, நல்லா இருக்கேக்கதான் எல்லாருக்கும் குளிசை மறக்கும், அது மனுச இயல்பு. எங்கட ஊரில இன்னொண்டும் இருக்கு, விரதம். நல்லூர்த் திருவிழா இருபத்தைஞ்சு நாளும் ஒரு நேரச் சாப்பாட்டோட இருக்கிற ஆக்கள், கந்தசட்டி ஆறு நாளும் உபவாசம் இருக்கிற ஆக்கள், வெறும் வயித்தில மருந்து போடக்கூடாது எண்டு நினைச்சுக் குளிசையையும் சேத்து விட்டுடுவினம், கிளினிக்கில கேட்டால் ஒழுங்கா எடுக்கிறன் எண்டுதான் சொல்லுவினம், ஏனெண்டால் அவையின்ர மனசில அது விட்ட கணக்கில்லை. சேர்ட்ரலின் சாப்பாட்டோடயும் எடுக்கலாம், சாப்பாடில்லாமலும் எடுக்கலாம், வயித்தைப் பிரட்டிற ஆக்களுக்குத்தான் சாப்பாட்டோட எடுங்கோ எண்டு சொல்லுறது. தண்ணியும் குடிக்காத விரதம் எண்டால் பாரணைக்குப் பிறகு எடுக்கலாம், நேரம் கொஞ்சம் தள்ளினாலும் பரவாயில்லை, நாள் விடுபடக்கூடாது. விட்ட நாளுக்காக அடுத்த நாள் ரெண்டாப் போடவும் கூடாது.

அதே பையுக்குள்ள வேற என்ன கிடக்கு எண்டும் பாக்கோணும். வலிப்புக்கோ முகநரம்பு நோவுக்கோ குடுக்கிற காபமசப்பின், சயத்துக்குக் குடுக்கிற ரிபம்பிசின் ரெண்டும் ஈரலைத் தூண்டி விட்டு சேர்ட்ரலின் மாதிரி மருந்துகளை வேகமா உடைக்கப் பண்ணும், ரத்தத்தில அளவு குறைஞ்சு போகும். மூட்டுக்கோ இழுப்புக்கோ பிரெட்னிசலோன் எடுத்திருந்தால் அதுவே மனநிலையைக் குழப்பும். குடி இருந்தால் அதுவும் அப்பிடித்தான், நீங்கள் குடிக்கிறேல்லை எண்டாலும் இதை வாசிக்கிற ஆண்களுக்குச் சொல்லுறன், கள்ளெண்டாலும் சாராயமெண்டாலும் மருந்து மேல தூக்கிறதை அது கீழ இழுக்கும். இன்னொண்டு வேலை செய்யாமல் போறதைப் பற்றி இல்லை, ஆபத்தைப் பற்றி: நாரி நோவுக்கு டிராமடோல் வாங்கிப் போடுற பழக்கம் கனபேருக்கு இருக்கு, சேர்ட்ரலினோட சேந்தால் நடுக்கம், வேர்வை, காய்ச்சல், பதட்டம் எண்டு பாரதூரமா வரலாம். டைக்ளோபெனக் மாதிரி நோக்குளிசையள் சேந்தால் வயித்துக்குள்ள ரத்தம் கசியிற சந்தர்ப்பம் கூடும். சாதாரண நோவுக்குப் பனடோல் காணும். நாட்டு வைத்தியரிட்ட வாங்கிற சூரணம், கசாயம் இருந்தாலும் மறைக்காமல் சொல்லுங்கோ, ஒருத்தரும் ஏச மாட்டினம்.

மருந்து சரியாத்தான் போயிருக்கு எண்டால் அடுத்தது உடம்பு. தைரொயிட் குறைஞ்சால் அலுப்பு, நித்திரைக் குழப்பம், ஒண்டிலயும் மனமில்லாமை எல்லாம் வரும், மனவழுத்தம் திரும்பின மாதிரியே இருக்கும், பெண்களுக்கு இது கூட. ரத்தம் குறைவெண்டாலும் அப்பிடி, மாசவிலக்கு கூடப் போற ஆக்கள் கட்டாயம் பாக்கோணும். பி 12 விற்றமின் குறைவு எங்கட சைவச் சாப்பாட்டு ஆக்களிட்டயும், சீனி வருத்தத்துக்குக் கன வருசமா மெற்போமின் எடுக்கிற ஆக்களிட்டயும் வாறது. இதெல்லாம் ரத்தப் பரிசோதனையில தெரியும், கிளினிக்கில எழுதித் தருவினம், நீங்களும் "தைரொயிட் பாத்து எவ்வளவு காலம், ஒருக்காப் பாப்பமோ" எண்டு கேக்கலாம், கேக்கிறதில தப்பொண்டும் இல்லை. கர்ப்பமா இருக்கிற சந்தர்ப்பம் இருந்தால் அதை முதலில சொல்லுங்கோ, கர்ப்பத்தில மருந்தின்ர ரத்த அளவும் மாறும், எந்த மருந்து எண்ட முடிவும் மாறும்.

அடுத்ததா வாற ரெண்டு விசயம் டொக்டர்தான் பிரிச்சுப் பாக்கோணும், ஆனால் உங்களிட்ட இருந்து தகவல் போகாட்டி அவரால பிரிக்க ஏலாது. ஒண்டு, நீங்கள் "ஆரோடயும் கதைக்கப் பிடிக்கேல்லை, ஒண்டும் உள்ளுக்குப் போகுதில்லை" எண்டு எழுதியிருக்கிறியள். கவலை வந்து அழுகை முட்டுதோ, இல்லாட்டி கவலையும் இல்லாமல் சந்தோசமும் இல்லாமல் மரத்துப் போன மாதிரி இருக்கோ? சேர்ட்ரலின் சேந்த இந்த வகைக் குளிசையளே சிலருக்கு உணர்ச்சியை மழுங்கப் பண்ணும், பிள்ளை பள்ளிக்கூடத்தில பரிசு வாங்கினாலும் அந்தச் சந்தோசம் ஏறாது. அப்பிடியான ஆளுக்கு அளவைக் கூட்டினால் மழுக்கமும் கூடும், குறைச்சாலோ மாத்தினாலோதான் சுகம் வரும். உங்களுக்கு விடியப்புறம் முழிப்பு வருது, சமைக்கவே ஏலாமல் கிடக்கு எண்டதைப் பாக்க வருத்தம் திரும்பின மாதிரித்தான் எனக்குத் தோணுது, ஆனால் இது எழுத்தை வைச்சுச் சொல்லுறது, உறுதியில்லை. மற்றது, எப்பவாவது நாலைஞ்சு நாளாவது ரெண்டு மூண்டு மணித்தியாலம் மட்டும் நித்திரை கொண்டும் களைப்பே இல்லாமல், கதை வேகமா வந்து, கைகாசை அள்ளிச் செலவழிச்சு, எல்லாம் ஏலும் எண்ட மாதிரி இருந்திருக்கோ? குடும்பத்தில ஆருக்கும் அப்பிடி இருந்திருக்கோ? அப்பிடியெண்டால் அது வேற வகை வருத்தமா இருக்கலாம், அதுக்கு இந்தக் குளிசை தனியாக் காணாது, சிலவேளை கூடக் குழப்பும். நல்லா இருந்த காலத்தை ஒருத்தரும் வருத்தமாச் சொல்லுறேல்லை, அதால இது கன வருசம் மறைஞ்சு கிடக்கும்.

பிறகு வீட்டு நிலைமை. ரெண்டு மாசத்துக்கு முதல் என்ன மாறினது எண்டு யோசிச்சுப் பாருங்கோ. கிளினிக்கில மருந்து கேக்கேல்லை எண்டு வந்த எத்தினையோ பெண்களுக்குப் பின்னால நுண்கடன்காரர் கிழமைக்குக் கிழமை படலையில வந்து நிக்கிற கதை இருந்தது. 2009இல போர் முடிஞ்ச மே மாசம் கிட்ட வரேக்க வன்னியில இருந்து வந்த குடும்பங்களில நித்திரை குழம்பி இறங்கிற ஆக்களை வருசா வருசம் பாத்தனான், போரில காணாமல் போன பிள்ளையின்ர பிறந்தநாள் வாற மாசம் அப்பிடித்தான் இருக்கும். அந்த நேரம் அவையின்ர குளிசையில ஒரு பிழையும் இல்லை. கடனையும் இழப்பையும் குளிசை தீர்க்காது, தாங்கிற பலத்தைக் கொஞ்சம் தரும், அவ்வளவுதான். உங்கட கடிதத்தில உங்கட மனுசன் கட்டாருக்குப் போனதைப் பற்றி ஒரு சொல்லு வருது, எப்ப போனவர் எண்டு எழுதேல்லை. அது இந்த ரெண்டு மாசத்துக்குள்ள எண்டால் டொக்டருக்கு அதையும் கட்டாயம் சொல்லுங்கோ.

எல்லாம் பாத்தாச்சு, எல்லாம் சரி, வருத்தம்தான் திரும்ப வந்திருக்கு எண்டு வைப்பம். அப்ப டொக்டர் என்ன செய்வார்? முதலாவது அளவைக் கூட்டிறது. சேர்ட்ரலின் ஒரு நாளைக்கு 200 வரைக்கும் போகலாம், அதால அக்கா சொன்னது ஆகாத கதை எண்டு சொல்ல மாட்டன், ஆனால் ஒரேயடியா ரெண்டாக்கினால் பதட்டம், வயித்தோட்டம், நித்திரை இல்லாமை எல்லாம் சேந்து வரும், மெல்ல 150 ஆக்கிப் பாத்துத்தான் கூட்டிறது வழமை. கூட்டின எல்லாருக்கும் சுகம் கூடும் எண்டும் இல்லை, ஒரு அளவுக்கு மேல பக்கவிளைவுதான் கூடுது எண்டு ஆய்வுகள் காட்டுது. கூட்டினாலும் மாத்தினாலும் நாலு தொடக்கம் ஆறு கிழமை பொறுக்கோணும். பத்தாம் நாள் "இதுவும் சரிவரேல்லை" எண்டு கைவிட்டுட்டு வாற ஆக்களைப் பாக்க எனக்கு நெஞ்சு கனக்கும், ஏனெண்டால் பேந்து அந்த மருந்து அவைக்குச் சரிவராத மருந்தெண்டு கொப்பியில எழுதுப்பட்டுப் போயிடும், உண்மையில அதை ஒழுங்காப் பாவிச்சே பாக்கேல்லை.

ரெண்டாவது மருந்தை மாத்திறது. அமெரிக்காவில கிட்டத்தட்ட 4000 பேரை வைச்சுச் செய்து 2006இல முடிவு வெளிவந்த பெரிய ஆய்வு ஒண்டில, முதல் மருந்தில மூண்டில ஒரு பங்கு ஆக்கள்தான் முழுசா வெளியில வந்தவை, சரிவராமல் வேற மருந்துக்கு மாத்தினவையில நாலில ஒராள் அளவில முழுசாத் தேறினவை, எந்த மருந்துக்கு மாத்தினது எண்டதில பெரிய வித்தியாசம் இருக்கேல்லை. ஒரு மருந்து சரிவராட்டி அடுத்தது எண்டு நாலு படியும் தாண்டினால் மூண்டில ரெண்டு பங்கு பேர் தேறுவினம் எண்டு அந்த நேரம் எழுதினவை, ஆனால் அந்தக் கணக்கை 2023இல திரும்ப எண்ணிப் பாத்தவை அது கூட்டிக் காட்டினது, உண்மையில நூறுக்கு 35 பேர் அளவுதான் எண்டு எழுதியிருக்கினம். அதால நான் உங்களுக்கு அந்தப் பெரிய இலக்கத்தைச் சொல்லி ஆறுதல் படுத்தேல்லை. ஒண்டு மட்டும் சொல்லலாம், அந்த ஆக்கள் முதல் மருந்தில தேறாதவை, நீங்கள் ஏற்கனவே ஒரு மருந்தில நல்லாத் தேறி மூண்டு வருசம் நிண்டனீங்கள், உங்கட நிலைமை அவையின்ரயை விட நல்லது எண்டுதான் நான் நினைக்கிறன். மாத்தேக்க பழையதைக் குறைச்சுக் குறைச்சுப் புதியதைக் கூட்டுவினம். வென்லபக்சின் எண்டால் பிரசர் பாக்கோணும். மேர்ட்டசப்பின் நித்திரையையும் பசியையும் தரும், உடம்பும் வைக்கும். அமிற்றிப்ரிலின், இமிப்பிரமின் பழைய மருந்துகள், நல்லா வேலை செய்யும், ஆனால் வாய் காயும், மலம் இறுகும், அளவுக்கு மேல எடுத்தால் இதயத்தைப் பாதிக்கும், அதால உங்கட மாதிரி நினைப்பு வாற நேரம் வீட்டில கன குளிசை சேத்து வைக்கக் கூடாது.

மூண்டாவது கூட ஒண்டைச் சேக்கிறது, இதிலதான் சனம் கூடப் பயப்பிடுது. குவற்றியாப்பின், அரிப்பிப்பிரசோல் எண்டு சின்ன அளவில எழுதித் தந்திருப்பினம், வீட்ட போய்ப் போனில தேடிப் பாத்தால் மனச்சிதைவுக்குக் குடுக்கிற மருந்தெண்டு கிடக்கும், "என்னை விசரெண்டு முடிவு கட்டிட்டினம், அடுத்தது அங்கொடை மனநல ஆஸ்பத்திரிதான்" எண்டு அழுதுகொண்டு ஜன்னலடிக்கு வந்து திருப்பித் தந்தவையும் இருக்கினம். மனவழுத்தத்துக்குத் துணையா அதைக் குடுக்கிறது உலகம் முழுக்க இருக்கிற வழமை, உங்கட வருத்தத்தின்ர பேர் மாறேல்லை. நிறையையும் சீனியையும் கொழுப்பையும் இடைக்கிடை பாக்கோணும், அதுதான் அதில கவனம். லிதியமும் பழைய நல்ல மருந்து, ஆனால் ரத்தத்தில அளவு பாத்துப் பாத்துத்தான் குடுக்கலாம், எங்கட வெயிலில தண்ணி குடிக்காமல் விட்டால், வயித்தோட்டம் வந்தால், நோக்குளிசை சேந்தால் அளவு ஏறி நடுக்கம், சத்தி, நடை தள்ளாட்டம் வரும், அப்ப உடனே ஆஸ்பத்திரிக்குப் போகோணும். கரண்ட் குடுக்கிறது எண்டு சனம் சொல்லுற சிகிச்சையும் இருக்கு, மயக்க மருந்து குடுத்துத்தான் செய்யிறது, சாப்பிடாமல் குடிக்காமல் கிடக்கிற அளவுக்குப் போன ஆக்களை அது தூக்கி விட்டதைக் கண்ணால கண்டிருக்கிறன், ஞாபகம் கொஞ்சம் குழம்பும், பெரும்பாலும் திரும்பி வரும். உங்கட நிலைமைக்கு அது இப்ப தேவைப்படாது எண்டு நினைக்கிறன்.

கதைச்சுச் செய்யிற சிகிச்சையை ஒருத்தரும் உங்களுக்குச் சொல்லேல்லைப் போல கிடக்கு. குளிசை சரியாக் கேக்காத 469 பேரை வைச்சு இங்கிலாந்தில செய்து 2013இல வந்த ஆய்வில, குளிசையோட சிந்தனை நடத்தைச் சிகிச்சையும் சேத்தவையில 46 வீதம் பேர் ஆறு மாசத்தில நல்லாத் தேறினவை, வழமையான கவனிப்பு மட்டும் கிடைச்சவையில 22 வீதம். இது சின்ன வித்தியாசம் இல்லை. எங்கட ஆஸ்பத்திரிகளில அதுக்குப் பயிற்சி எடுத்த ஆக்கள் குறைவு, காத்திருக்க வேண்டி வரும், அப்பிடியிருந்தும் கேளுங்கோ, மனநலப் பிரிவில உளவளத்துணை செய்யிறவை இருக்கினம், யாழ்ப்பாணத்தில சாந்திகம் மாதிரி கன காலமா இயங்கிற இடங்களும் இருக்கு. அதுவரைக்கும் வீட்டில, மனம் வந்தாப் பிறகு செய்வம் எண்டு காத்திருக்காமல், ஒரே நேரத்துக்கு எழும்பிறது, வெயில் ஏற முதல் ஒரு கால்மணித்தியாலம் ஒழுங்கையில நடக்கிறது, பிள்ளையோட இருந்து ஒரு நேரமாவது சாப்பிடுறது, இந்த மூண்டையும் எழுதி ஒட்டிட்டுச் செய்யுங்கோ. இது மருந்துக்குப் பதில் இல்லை, மருந்தோட சேத்துச் செய்யிறது.

கிளினிக் திகதி வரைக்கும் இருக்க வேண்டாம். கொப்பியில திகதி போட்டிருக்கிறது நல்லா இருக்கிற ஆளுக்கு, குறைஞ்சு போற ஆள் முந்திப் போகலாம். வாற கிளினிக் நாளில காலமையே கொப்பியையும் குளிசைப் பையையும் அப்பிடியே கொண்டு போய், நம்பர் எடுக்கிற இடத்தில நிக்கிற தாதியிட்ட "ரெண்டு மாசமா நித்திரை இல்லை, வாழப் பிடிக்காத நினைப்பும் வருது" எண்டு நேராச் சொல்லுங்கோ, வெக்கப்பட்டு "கொஞ்சம் ஏலாமல் கிடக்கு" எண்டு சொன்னால் மற்ற ஆக்களோட வரிசையில இருத்திடுவினம். உள்ளுக்குப் போனால் டொக்டருக்கு முன்னால நாலைஞ்சு நிமிசம்தான் கிடைக்கும், பின்னால சனம் நிக்கும், உங்களுக்கும் சொல்ல வந்தது மறந்து போகும். அதால முதல்நாள் இரவே ஒரு தாளில எழுதுங்கோ: எப்ப இருந்து இறங்கினது, அந்த மாசம் வீட்டில என்ன மாறினது, எத்தினை நாள் குளிசை விட்டது, வேற என்னென்ன மருந்து எடுக்கிறது, முந்தி எடுத்த மருந்துகள் எவை, எவ்வளவு அளவில எவ்வளவு காலம், அந்த விடியாமல் போனால் நல்லம் எண்ட நினைப்பு எத்தினை தரம் வருது. வாயால சொல்ல வராட்டி தாளைக் குடுத்திடுங்கோ, அவர் வாசிப்பார். மாமியையும் கூட்டிக்கொண்டு போங்கோ, நிப்பாட்டச் சொல்லுறது உங்களில இருக்கிற அக்கறையிலதான், டொக்டர் வாயால கேட்டால் அவவும் விளங்கிக்கொள்ளுவா, பேந்து குளிசையை எடுத்து வைச்சு ஒவ்வொரு இரவும் உங்களுக்குத் தாற ஆளா அவவே இருக்கலாம்.